இரண்டு கையும் தட்டில்

"சத்தம் யார் போட்டது?" என்று மேவிஸ் கேட்டபோது எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. அழைத்துக்கொண்டு போய் முதல் வரிசையில் உட்காரவைத்து, கேசரியும் வடையும் கையில் கொடுத்து, திரும்ப வீட்டு வாசல்வரை காரில் கொண்டுவந்து விடுகிறேன். இந்தக் கிழவிக்கு நன்றி சொல்ல வாய் வரவில்லை, கேள்வி மட்டும் வருகிறது.

1997 நவம்பர். அமெரிக்காவில், வெஸ்ட் வின்ட்சரில் ஒரு பள்ளிக்கூட அரங்கத்தில் எங்கள் தமிழ்ச் சங்கத்தின் தீபாவளி விழா அன்றுதான் முடிந்திருந்தது. நான் ஷ்யாமளா, சங்கத்தின் கலை நிகழ்ச்சிச் செயலாளர். ஆறு வருஷமாக அந்தப் பதவியை யாருக்கும் விட்டுக்கொடுத்ததில்லை. கேட்கவும் யாருக்கும் தைரியம் வந்ததில்லை. மேவிஸ் டோரன் மான்மவுத் ஜங்ஷனில் எங்கள் பக்கத்து வீட்டுக்காரி. எழுபத்தைந்து வயது, தனி ஆள். ஒரு காலத்தில் டிவியில் காமெடி நடிகையாக இருந்தேன் என்பாள். நான் அதைப் பெரிதாக எடுத்துக்கொண்டதில்லை. இந்த ஊரில் வயதானவர்கள் எல்லோருமே ஒரு காலத்தில் ஏதோ ஒன்றாக இருந்தவர்கள்தானே.

அவள் கேட்டது நான் எழுதிய நாடகத்தைப் பற்றி. இருபது நிமிஷக் காமெடி. புதிதாக அமெரிக்கா வந்த மனைவி எவர்சில்வர் டம்ளரை மைக்ரோவேவில் வைத்துக் காபியைச் சுடவைக்கிறாள். சமையலறையே வெடிக்கிறது. கணவன் பளாரென்று ஓர் அறை விடுகிறான். அவள் காபித் தட்டோடு ஒரு சுற்றுச் சுற்றி நின்று, "சர்க்கரை போதுமாங்க?" என்று கேட்கிறாள். இந்த இடத்தில் கூரை பிய்த்துக்கொண்டு போகும் என்று எழுதும்போதே எனக்குத் தெரியும். போனது.

கணவனாக நடித்தது தீபக். சாஃப்ட்வேர் கன்சல்டன்ட், முப்பது வயது, சென்னைப் பையன். மேடையில் ஏறி வாயைத் திறந்தாலே ஜனம் சிரிக்கும். அவனைக் கண்டுபிடித்தது நான்தான் என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தேன். மனைவியாக நடித்தது அவன் நிஜ மனைவி கயல். திருநெல்வேலிப் பெண், வந்து ஒரு வருஷம் ஆகியிருந்தது. வேலைக்குப் போக முடியாத டிபென்டன்ட் விசா, கார் ஓட்டத் தெரியாது, எதைக் கேட்டாலும் ஒரு சிரிப்பு.

அறை விழுந்ததும் ஐந்நூறு பேரும் ஒரே குரலில் "ஒன்ஸ் மோர்" கேட்டார்கள். நம் ஜனத்துக்குப் பாட்டு பிடித்தாலும் அதுதான், அடி பிடித்தாலும் அதுதான். கயல் தட்டைப் பிடித்தபடி மேடை ஓரத்தில் நின்ற என்னைத் திரும்பிப் பார்த்தாள். நான் ஒரு விரலைத் தூக்கிக் காட்டி, பண்ணு என்று தலையாட்டினேன். தீபக் இன்னொரு முறை அறைந்தான். அவள் இன்னொரு முறை சுற்றி நின்று சர்க்கரை போதுமாங்க என்றாள். திரை விழுந்தபின் அவள் கன்னம் சிவந்திருந்ததைப் பார்த்து நானே ஓடிப்போய் ஜிப்லாக் பையில் ஐஸ் போட்டுக் கொண்டுவந்து வைத்துவிட்டேன். ரெண்டு பேரும் ரொம்ப ரியலா பண்ணிட்டீங்க என்று பாராட்டவும் செய்தேன்.

மேவிஸ் காரில் சொன்னது இதுதான். மேடையில் அறை என்றால் கை முகத்தில் படாது, யாராவது வேறு இடத்தில் கையைத் தட்டினால்தான் சத்தம் வரும். அந்தப் பெண்ணின் இரண்டு கையும் தட்டில் இருந்தது. அவனுடைய இன்னொரு கை இடுப்பில் இருந்தது. அப்படியானால் சத்தம் யார் போட்டது?

அவள் பேசியது இங்கிலீஷில். கோபம் வந்தால் எனக்கு எல்லாம் தமிழில்தான் ஞாபகம் நிற்கும். அவர்கள் ஒரு மாதமாக வீட்டில் ப்ராக்டிஸ் பண்ணியவர்கள், உனக்குப் பாஷை புரியாது, வயதாகிவிட்டது, பேசாமல் இறங்கு என்று இதில் பாதியை வாய்விட்டும் மீதியை மனசிலும் சொன்னேன். அவள் இறங்கிக் கதவை மெதுவாகச் சாத்திவிட்டுப் போய்விட்டாள்.

நாலு நாள் கழித்துக் காபிக்குக் கூப்பிட்டாள். நியாயப்படி மன்னிப்புக் கேட்கப்போகிறாள் என்று நினைத்துப் போனேன். டிவி முன்னால் உட்காரவைத்து ஒரு கேசட்டைப் போட்டாள். 1954-இல் அவள் நடித்த ஷோ. நேரடி ஒளிபரப்பு என்பதால் எதையும் பதிவுசெய்து வைக்கும் வழக்கமில்லையாம். டிவிப் பெட்டிக்கு எதிரே ஃபிலிம் கேமராவை நிறுத்தி எடுத்த ஒரே ஒரு சுருள் மட்டும் எப்படியோ தப்பி, கேசட்டாகி, அவள் கையில் இருந்தது. மற்ற இருநூற்றுச் சொச்சம் நிகழ்ச்சிகளும் காற்றோடு போயின.

கறுப்பு வெள்ளையில், பொம்மை மாதிரி கண்ணோடு ஒரு பெண். பிறந்தநாள் கேக்கை ஏந்திக்கொண்டு ஆடி ஆடி வருகிறாள். தொப்பிக்காரன் ஒருத்தன் அறைகிறான். அவளுடைய இரண்டு கண்ணும் மூக்கை நோக்கி மெதுவாகத் திரும்புகின்றன, கேக் கொஞ்சம்கூடச் சாயவில்லை. "மெழுகுவத்தியை ஊதுங்கள்" என்கிறாள். நான் விழுந்து விழுந்து சிரித்தேன். என்ன ஒரு டைமிங், என்ன ஒரு முகம். இவளையா நான் கதை விடுகிறாள் என்று நினைத்தேன் என்று வெட்கமாகக்கூட இருந்தது.

மேவிஸ் சிரிக்கவில்லை. கேசட்டைப் பின்னால் ஓட்டி, என் கையைப் பார் என்றாள். பார்த்தேன். இரண்டு கையும் கேக்கின் அடியில் இருந்தன. மறுபடி ஓட்டி, தோளைப் பார் என்றாள். தொப்பிக்காரன் கையைத் தூக்குவதற்கு முன்பே அவளுடைய இடது தோள் ஒரு அங்குலம் ஏறி இறங்கியது. நடிப்பில் அடித்த பிறகுதான் ஆள் துள்ளுவாள். உண்மையில் அடி வாங்கிப் பழகியவள் முன்னாலேயே சுருங்குவாள் என்றாள். என் சிரிப்பு அப்படியே நின்றுபோனது.

பிறகு மேவிஸ் தன் கதையைச் சொன்னாள். 1949-இல் நியூயார்க்கில் அந்த வெரைட்டி ஷோவில் சேர்ந்தவள். சனிக்கிழமைதோறும் ஒரு மணி நேரம், பாட்டு, டான்ஸ், நாய் வித்தை, நடுநடுவே சிரிப்பு நாடகம். நாடகத்தில் மனைவி, நர்ஸ், டெலிபோன் ஆபரேட்டர் யார் வந்தாலும் அது மேவிஸ்தான். முடிவில் பெயர்கள் ஓடும்போது அவள் பெயர் வருவதற்குள் சோப்பு விளம்பரம் வந்துவிடும். ரசிகர்களுக்குப் பெயர் தெரியாததால் உறையின் மேல் 'அடி வாங்கும் பெண்மணிக்கு' என்று எழுதி அனுப்புவார்களாம். அப்படி வந்த கடிதங்களை ஒரு செருப்புப் பெட்டி நிறைய வைத்திருந்தாள்.

ஆரம்பத்தில் அடியெல்லாம் பொய்தான். ஷோவின் நட்சத்திரம், அந்தத் தொப்பிக்காரன் ஹாங்க் டெல்மரின் கை அவள் மூக்குக்கு அரை அடி முன்னால் காற்றில் போகும். அவள் முகத்தைப் பொத்துவதுபோல் இரண்டு கையையும் உயர்த்துவாள். போகிற வழியில் உள்ளங்கைகள் ஒருமுறை மோதிக்கொள்ளும். அவ்வளவுதான் சத்தம். என்னளவுக்குச் சுத்தமாகச் சத்தம் போட நியூயார்க்கிலேயே ஆளில்லை என்று சொல்லும்போது அவள் முகத்தில் இன்னும் கர்வம் இருந்தது. மூன்றாவது வருஷம் ஒரு பத்திரிகை அவளைப் பற்றி இரண்டு வரி நல்லபடியாக எழுதியது. ஹாங்கைப் பற்றி எழுதவில்லை. அடுத்த சனிக்கிழமை ஹாங்க் ஒரு யோசனை சொன்னான். அவள் கையில் கேக் இருந்தால் இன்னும் சிரிப்பு வரும்.

என் நாடகத்திலும் முதலில் தட்டே கிடையாது. முதல் ஒத்திகையில் எல்லோரும் கயல்தான் பிரமாதம், தீபக்கையே தூக்கிச் சாப்பிட்டுவிட்டாள் என்று சொன்னோம். இரண்டாவது ஒத்திகைக்குத் தீபக் வீட்டிலிருந்து ஒரு தட்டும் நாலு டம்ளரும் கொண்டுவந்தான். ஆன்ட்டி, அவ கையில காபித் தட்டு இருந்தா இன்னும் காமெடியா இருக்கும் என்றான். என்ன மூளை உனக்கு என்று அவன் முதுகில் தட்டியவள் நான்.

ஹாங்க் மூன்று வருஷம் அவளை அப்படி அடித்தான். ஒரு தடவை காதில் பட்டது. இடது காது அன்றோடு போனது. யாருக்கும் தெரியாதா என்று கேட்டேன். நோரா என்று ஸ்க்ரிப்ட் பார்த்துக்கொண்டிருந்த பெண்ணுக்குத் தெரியும் என்றாள். ரொம்ப நல்ல பெண், ஒவ்வொரு சனிக்கிழமையும் கைக்குட்டையில் ஐஸைச் சுற்றிக் கொண்டுவருவாள்.

"மூணு வருஷம் ஐஸ் கொண்டு வந்தா," என்றாள் மேவிஸ். "ஒரே ஒரு நாள் அந்தக் கேக்கை என் கையிலேர்ந்து வாங்கியிருக்கலாம்."

அவள் என்னைக் குத்திக்காட்டச் சொன்னாளா என்று தெரியாது. நான் ஐஸ் வைத்ததை அவள் பார்க்கவில்லை. ஷோ நின்றபின் ஒரு பல் டாக்டரிடம் இருபத்திரண்டு வருஷம் ரிசப்ஷனிஸ்டாக இருந்து ஓய்வுபெற்றதையும் அதே குரலில்தான் சொன்னாள். நான் காபியைக் குடிக்காமலேயே எழுந்து வந்துவிட்டேன்.

வீட்டுக்கு வந்து தீபாவளி கேசட்டைப் போட்டேன். சங்கத்து நிகழ்ச்சிகளைப் படம் பிடிப்பது என் கணவர் கோபாலசாமிதான். வாயே திறக்காத மனுஷர், ஆனால் கேமரா பிடித்தால் கை அசையாது. இருவரும் பார்த்தோம். முதல் அறை. நிறுத்தி, பின்னால் ஓட்டி, மறுபடி பார்த்தோம். கயலின் இரண்டு கையும் தட்டில். தோள் முன்னாலேயே ஏறுகிறது. பிறகு ஒன்ஸ் மோர். அவள் மேடை ஓரத்தைத் திரும்பிப் பார்க்கிறாள். ஓரத்தில் நான் நின்ற இடம் படத்தில் இல்லை, என் விரலும் இல்லை. அவள் முகம் மட்டும் இருக்கிறது. அனுமதி கேட்கிற முகம் என்று அன்று நினைத்தேன். அட கடவுளே, அவள் என்னிடம் வேண்டாம் என்று சொல்லச் சொல்லிக் கேட்டிருக்கிறாள்.

அப்போதுதான் இன்னொன்றும் ஞாபகம் வந்தது. முதல் ஒத்திகை முடிந்து கிளம்பும்போது அந்த அறை சீன் மட்டும் கொஞ்சம் பிசிறடிக்கிறது, வீட்டில் தினமும் ப்ராக்டிஸ் பண்ணுங்கள் என்று இருவரிடமும் சொன்னேன். கயல் அதே சிரிப்போடு எனக்குப் பதில் சொன்னாள்.

"அது நாங்க நல்லாவே பண்ணுவோம் ஆன்ட்டி. ப்ராக்டிஸ் தேவையே இல்ல."

நான் சிரித்தேன். எல்லோரும் சிரித்தோம். தீபக்தான் எல்லாரையும்விடச் சத்தமாகச் சிரித்தான். அதன்பிறகு ஒரு மாதம் அவள் கையில் எங்கே காயம் தெரிந்தாலும், ப்ராக்டிஸ் ஆன்ட்டி என்று அவன் முந்திக்கொண்டு சொன்னான். காரணம் எழுதி, கையெழுத்தும் போட்டு அவனிடம் கொடுத்திருக்கிறேன் நான்.

கயலுக்குப் போன் பண்ணினேன். தீபக் எடுத்தான். ஆபீஸ் நேரத்தில் பண்ணினேன், அப்போதும் அவனே எடுத்தான். இப்போது வீட்டிலிருந்தேதான் வேலை, கயல் குளிக்கிறாள், கயல் தூங்குகிறாள், சொல்லுங்க ஆன்ட்டி நான் சொல்லிடறேன் என்றான். குரல் தேனாக இருந்தது. மூன்றாம் முறை போனை வைத்த பத்தாவது நிமிஷம் என் வீட்டு வாசல் மணி அடித்தது.

தீபக்தான். தீபாவளிக்கு நான் மிக்ஸர் போட்டுக் கொடுத்த டப்பாவைத் திருப்பிக் கொடுக்க வந்தானாம். தோளில் எப்போதும் இருக்கும் கறுப்பு லேப்டாப் பை. வெளியே காரில் கயல் இருந்தாள், கண்ணாடி ஏற்றியிருந்தது. உள்ளே வரச் சொல்லேன் என்றேன். தலைவலி என்றான். டிவி மேல் கிடந்த கேசட்டை எடுத்து, ஒட்டியிருந்த பெயரைப் படித்து, அதே இடத்தில் நேராக வைத்தான்.

"அந்த அமெரிக்கன் லேடி நம்ம டிராமாவப் பத்தி ஏதோ கேட்டாங்களாமே ஆன்ட்டி. கோபால் அங்கிள் சொன்னாரு."

வாயே திறக்காத மனுஷர் ஜென்மத்தில் ஒருமுறை திறந்து, அதையும் இவனிடம் போய்த் திறந்திருக்கிறார். ரொம்ப ரசிச்சாங்க, அதான் என்றேன். தீபக் தலையாட்டினான். பொங்கல் விழாவில் அதே நாடகத்தைத் திரும்பப் போடச் சொல்லி எல்லோரும் கேட்கிறார்கள், ஹூஸ்டன் சங்கத்திலிருந்துகூட அழைப்பு வந்திருக்கிறது என்றான். புதிதாக ஒரு சீன் சேர்க்கலாமாம். மேடைக்கு நடுவில் எட்டுப் படி வைத்த மாடிப்படி செட். அறை விழுந்ததும் கயல் மேலிருந்து தட்டோடு உருண்டு வரவேண்டும்.

"ப்ராக்டிஸ் ஆரம்பிச்சிட்டோம்," என்று சொல்லிவிட்டுப் போனான்.

நாடகமே வேண்டாம் என்று சொல்லிவிட எவ்வளவு நேரம் ஆகும்? ஆனால் மேடையில் நடக்காவிட்டால் அது வீட்டில் நடக்கும், அங்கே பார்க்க ஆளே கிடையாது. மேவிஸ் வீட்டுக்கு நேராகப் போய், நீ கேட்டது சரி என்றேன். மன்னிப்புக் கேட்டு எனக்குப் பழக்கமில்லை. அவளும் அதை எதிர்பார்க்கவில்லை, நாற்காலியை மட்டும் இழுத்துப் போட்டாள்.

கயலைத் தனியாகப் பிடிக்க ஒரே வழிதான் இருந்தது. பொங்கல் நாடகத்துக்குப் புதுப் பிளவுஸ், அளவு எடுக்கவேண்டும் என்று கூப்பிட்டேன். கூடவே வந்த தீபக்கால் பிளவுஸ் அளவு எடுக்கிற அறைக்குள் நுழைய முடியவில்லை. கதவுக்கு வெளியே கோபாலசாமியோடு உட்கார்ந்துகொண்டு, என்ன கயல், ஆச்சா என்று இரண்டு நிமிஷத்துக்கு ஒருமுறை கேட்டான். உள்ளே நான் டேப்பைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அவள் ரவிக்கையைக் கழற்றியதும் எனக்கு அளவு எடுக்க இடமே தெரியவில்லை. முதுகெல்லாம் பழையதும் புதியதுமாக இருந்தது. முப்பத்தாறு, பதினாலரை என்று உரக்கச் சொல்லிக்கொண்டே அழுதேன்.

கயல் அழவில்லை. போலீஸ் வேண்டாம் ஆன்ட்டி என்று காதோடு சொன்னாள். இவளுக்குப் புத்தி சரியில்லை, தானே மோதிக்கொள்கிறாள் என்று அவன் ஏற்கனவே இரண்டு டாக்டரிடம் எழுதி வாங்கி வைத்திருக்கிறானாம். பாஸ்போர்ட் அந்தக் கறுப்புப் பைக்குள் இருக்கிறது. பையை அவன் தோளிலிருந்து இறக்குவது மேடை ஏறும்போது மட்டும்தான். படிக்கட்டு சீன் வரைக்கும் நான் இருக்கமாட்டேன்னு தோணுது ஆன்ட்டி என்றாள். ஆச்சா கயல் என்றது வெளியே. ஆச்சுங்க என்று சிரித்த குரலில் பதில் கொடுத்தாள்.

நானும் மேவிஸும் திட்டம் போட்டோம். பொங்கல் விழா சனிக்கிழமை மத்தியானம். தீபக் முதலில் தனியாகப் பத்து நிமிஷம் மிமிக்ரி பண்ணுவான். அப்படியே நாடகம் தொடங்கும். முதல் ஐந்து நிமிஷம் கணவன் மட்டும் மேடையில் அம்மாவோடு போனில் பேசுவான். பிறகுதான் மனைவியைக் கூப்பிடுவான். மொத்தம் பதினைந்து நிமிஷம். மேவிஸ் தன் சர்ச்சில் விசாரித்து, வேறு மாவட்டத்தில், அடிபட்டு ஓடிவரும் பெண்கள் தங்குகிற ஒரு இடத்தைப் பிடித்து, அறைக்குச் சொல்லி வைத்தாள். பின்வாசலில் காரோடு நிற்பது அவள் வேலை. நாடகத்தை யார் நிறுத்துவது என்று கேட்டாள். நிறுத்தவேண்டாம், நான் பார்த்துக்கொள்கிறேன் என்றேன்.

அப்போதே எனக்கு உள்ளுக்குள் ஒரு அற்ப ஆசையும் இருந்தது, மறைப்பானேன். ஒருவேளை அவனுக்குப் பொய்யாக அடிக்கத் தெரிந்திருக்கலாம். வேறு ஒரு பெண் எதிரே நின்றால் கையைக் காற்றில் விட்டுவிடலாம். நான் கண்டுபிடித்த பையன் ஆயிற்றே. மேவிஸிடம் கேட்டபோது அவள் ஒன்றே ஒன்று சொன்னாள். பொய்யாக அடிக்கிறவன் கை ஓங்கும்போது உன் கண்ணைப் பார்ப்பான், தயாரா என்று கேட்பான். மற்றவன் கன்னத்தைப் பார்ப்பான்.

விழா அன்று வெளியே பனி கொட்டிக்கொண்டிருந்தது. அரங்கத்தில் அறுநூறு பேர், நிற்க இடமில்லை. நடுமேடையில் எட்டுப் படி, மேலே கைப்பிடி இல்லாத ஒரு சின்னப் பலகை. தீபக் பையை ஒப்பனை அறையின் மேஜைக்கு அடியில் வைத்தான். வைத்தவன் கயலின் கன்னத்தைச் செல்லமாக இரண்டு தட்டுத் தட்டி, சொதப்பாதே என்றான். மேடையில் வெளிச்சம் வந்தது, ஜனம் கைதட்டியது, அவன் போனான்.

மேவிஸ் பின்கதவைத் தட்டியதும் பையைத் திறந்தேன். பாஸ்போர்ட் அடியில் ஒரு டைரிக்குள் இருந்தது. கயல் பட்டுப்புடவைக்கு மேல் என் கோட்டைப் போட்டுக்கொண்டாள். கால் நகரவில்லை. கையில் காபித் தட்டு. ஒத்திகைப் பழக்கத்தில் எடுத்துவிட்டாள் போல, விரல்கள் இறுகிப்போய் டம்ளர்கள் கிலுகிலுவென்று ஆடிக்கொண்டிருந்தன. கூப்பிடுவாரு ஆன்ட்டி, நான் போகலன்னா கூப்பிட்டுக்கிட்டே இருப்பாரு என்றாள்.

"கூப்பிடட்டும். தட்டைக் குடு," என்றேன்.

ஒவ்வொரு விரலாகப் பிரித்துத்தான் வாங்கவேண்டியிருந்தது. மேவிஸ் அவள் தோளில் கை போட்டு நடத்திக்கொண்டு போனாள். கதவு வழியாகக் கார் பனிக்குள் திரும்பிப் போவதைப் பார்த்துவிட்டுத்தான் நான் செட்டுக்குப் பின்னால் இருந்த படியில் ஏறினேன். அதற்குள் மேடையில் அடியே, காபி எங்கே என்று மூன்றாம் முறை கூப்பிட்டுவிட்டான். ஜனம் சிரித்தது.

திரையை விலக்கிக்கொண்டு மேல் பலகையில் நான் போய் நின்றேன். ஐம்பத்திரண்டு வயதில், சுங்குடிப் புடவையில், கையில் தட்டோடு. அறுநூறு பேரும் ஓவென்று கத்தினார்கள். செயலாளர் அம்மாவே நடிக்க வந்துவிட்டாள் என்று அவர்களுக்குத் தாங்கமுடியாத குஷி. தீபக் படி ஏறி வந்தான். வாய் நிறையச் சிரிப்பு. எனக்கு மட்டும் கேட்கும்படி, "அவ எங்க?" என்றான்.

"காபி வெடிச்சிடுச்சுங்க," என்று நான் என் வசனத்தைச் சொன்னேன். பிறகு ஒரு காலைப் பின்னால் நன்றாக ஊன்றிக்கொண்டேன். கீழே நடுவழியில் கோபாலசாமி கேமராவோடு நின்றார். என்ன நடந்தாலும் என் இரண்டு கையையும் படத்தை விட்டு வெளியே விடாதீர்கள் என்று காலையில் சொல்லியிருந்தேன். ஏன் என்று அவர் கேட்கவில்லை, வெளுத்துப்போனார்.

தீபக் கையை ஓங்கினான். நான் அவன் கண்ணையே பார்த்தேன். பாருடா, என் கண்ணைப் பாருடா என்று மனசுக்குள் கெஞ்சினேன். அவன் என் கன்னத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

டம்ளர்கள் எகிறின. இடது காதில் விசில் மாதிரி ஒரு சத்தம் கிளம்பி மற்ற எல்லாச் சத்தத்தையும் மூடியது. ஊன்றிய கால் நழுவப் பார்த்தது, விழவில்லை. தட்டை விடவில்லை. வலது காதில் சிரிப்பு வந்து சேர்ந்தது, அலை அலையாக. பிறகு அது வந்தது, வரும் என்று தெரியும். ஒன்ஸ் மோர். ஒன்ஸ் மோர்.

அவன் மறுபடி கையைத் தூக்கினான். நான் அவனை விட்டுவிட்டு ஜனத்தைப் பார்த்துத் திரும்பினேன்.

"சத்தம் யார் போட்டது?" என்று கேட்டேன். "என் ரெண்டு கையும் தட்டுல இருக்கு. பாருங்க. இவர் இன்னொரு கை இடுப்புல இருக்கு. சத்தம் எங்கேர்ந்து வந்துச்சு?"

அதற்கும் சிரித்தார்கள். வசனம் என்று நினைத்துச் சிரித்தார்கள். நான் கன்னத்தை விளக்கு வெளிச்சத்துக்குத் திருப்பிக் காட்டினேன். தோடு எங்கேயோ தெறித்துப் போயிருந்தது, காது மடலிலிருந்து ரத்தம் சுங்குடிப் புடவையில் சொட்டிக்கொண்டிருந்தது. தீபக்கின் கை இன்னும் மேலேயே இருந்தது. அதை எங்கே வைத்துக்கொள்வது என்று அவனுக்குத் தெரியவில்லை.

முதல் வரிசையில் சிரிப்பு நின்றது. பிறகு அடுத்த வரிசை, அதற்கடுத்தது. யாரோ ஒரு பெண் எழுந்து, ஐயோ, தீபாவளிக்கும் அப்படித்தானா என்று பக்கத்தில் இருந்தவளைக் கேட்டாள். கோபாலசாமி அழுதுகொண்டே படம் பிடித்துக்கொண்டிருந்தார்.

பின்னால் ரொம்ப தூரத்தில், கதவோரம் நின்றிருந்த ஒருத்தருக்கு மட்டும் எதுவும் தெரியவில்லை போலிருக்கிறது. அவர் ஒரு விரலைத் தூக்கிக் காட்டி, இன்னும் ஒன்ஸ் மோர் கேட்டுக்கொண்டிருந்தார்.